கையைத் தூக்காத கல்யாணப் பெண்

நான் ஊசியில் நூல் கோக்கப் போகும்போதுதான் பெரியவளுக்கு வெளிக்கு வரும். மெஷின் மிதியில் கால் வைத்தால் நடுவுள்ளவளுக்குத் தாகம். கடைசிக் குழந்தை எதையோ வாயில் போட்டுக்கொண்டு சத்தமே இல்லாமல் மூலையில் உட்கார்ந்திருக்கும். அந்தச் சத்தமின்மைக்கு நான் பயந்தது போல வேறு எதற்கும் பயந்ததில்லை. எழுந்து ஓடி, விரலை விட்டு, வாயிலிருந்து ஒரு கொக்கியைத் தோண்டி எடுத்துவிட்டு வந்து உட்கார்ந்தால் நூல் மறுபடி ஊசியை விட்டு உருவியிருக்கும்.

எழுபதுகளின் கடைசி. திருத்தணியில், மலைப்படிக்குப் போகிற தெருவிலிருந்து பிரியும் சந்தில் ஒரே அறை, ஒட்டிக்கொண்டு ஒரு சமையல் மூலை, பின்னால் நாலு குடித்தனத்துக்கும் பொதுவாக ஒரு கிணறு. அந்த ஒரே அறைக்குள் ஆறு வயது, நாலு வயது, ஒன்றேகால் வயது என்று மூன்று பெண் பிள்ளைகள். ஜன்னலோரம் ஒரு தையல் மெஷின். கணவர் காலை ரயிலில் அரக்கோணம் போய் ஒரு மரவாடியில் வேலை பார்த்துவிட்டு விளக்கு வைக்கிற நேரத்துக்குத் திரும்புவார். பிள்ளைகளுக்கு அவர் நைனா. எனக்கு அவர் ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் முழு நீளத்துக்குத் தரையில் காணக் கிடைப்பவர்.

ஜாக்கெட் தைத்தேன். பகலெல்லாம் தைத்தேன், தைக்க விடாத பகலெல்லாம் தைக்கப் போராடினேன். மிதிக்கிற தாளத்தில் மனசுக்குள் வரிகள் ஓடும். நல்ல வரிகளாகத்தான் இருந்திருக்கும். ஒன்றும் மிச்சமில்லை. "அம்மா, இவ மூக்குல சாக்பீஸ் போட்டுகினா" என்ற ஒரு கூச்சலில் எத்தனையோ வரிகள் செத்துப்போயின.

எங்கள் பக்கத்தில் அன்றைக்கு உடம்பில் டேப் வைக்க விடமாட்டார்கள். கூசுகிறது என்பார்கள், சிரிப்பார்கள், ஓடுவார்கள். பழைய ஜாக்கெட் ஒன்றைத் தந்துவிடுவார்கள், அதுதான் அளவு. தருகிறபோது ஒரு பாட்டு வேறு. "இதே அளவுதாம்மா. கை மட்டும் ஒரு வெரல் எறக்கம். கழுத்து ரெண்டு வெரல் ஏத்தம். இது எனக்கு மூச்சு முட்டுது, கொஞ்சம் லூசா வையி. ஆனா லூசாத் தெரியக் கூடாது." இதே அளவாம்! அந்தப் பழசைப் புதுத் துணிக்குள் வைத்துச் சுருட்டி, கிழித்த கரைத்துணியால் ஒரு கட்டு கட்டி அலமாரியின் கீழ்த்தட்டில் அடுக்குவேன். பெயர் எழுதி வைக்கிற பழக்கமெல்லாம் கிடையாது. எந்தத் துணிக்குள் எந்தப் பழசு சுருண்டிருக்கிறதோ அதுதான் எழுத்து. அந்த எழுத்தை என்னைத் தவிர யாரும் அவிழ்க்கக் கூடாது என்று வீட்டில் தினமும் கத்திக்கொண்டிருந்தேன். தினமும் கத்துகிற வார்த்தை காதில் ஏறுமா? ரயில் சத்தம் மாதிரி ஆகிவிட்டது அது அவர்களுக்கு.

அந்த ஆடி மாதத்தில்தான் நடுவுள்ளவள் மெஷின் ஊசிக்குக் கீழே விரலை வைத்தாள். நான் அடுப்பில் சோறு பொங்குகிறதென்று எழுந்து போன நிமிஷம். பெரியவள் மிதித்தாள், இவள் துணிக்குப் பதிலாக விரலைத் தள்ளினாள். நகத்தோடு இறங்கிவிட்டது. டாக்டரிடம் போய்வந்து, அவள் அழுது ஓய்ந்து தூங்கிய பிறகு கணவர் மெஷினையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இது இந்த ஊட்ல வேணாமே" என்றார். "சோளிங்கர்ல அக்காகிட்ட குடுத்துடலாம். அங்க சின்னப் புள்ளைங்க கெடையாது. அக்காவும் ரொம்ப நாளா கேட்டுகினுதான் இருக்காங்க."

நாத்தனார் கேட்டுக்கொண்டிருந்தது எனக்கும் தெரியும். வருகிறபோதெல்லாம் மெஷின் மேல் கையை வைத்துத் தடவிப் பார்ப்பார், மாட்டைப் பார்க்கிற மாதிரி. நான் சண்டை போட்டேன், அழுதேன், இரண்டு நாள் பேசாமல் இருந்தேன். எதற்கும் அசையாதவர், கடைசியில் ஒரு கல்யாண ஆர்டர் வந்தபோது மட்டும் கொஞ்சம் இறங்கினார்.

"சரி, இத ஒழுங்கா முடிச்சிக் குடு. ஒரு சொல்லு கொறை வரக் கூடாது. வந்துச்சு, சனிக்கிழமை அக்கா டெம்போ எடுத்துகினு வருவாங்க, ஏத்தி உட்டுடுவேன்."

இப்படியாக என் மெஷின் ஒரு பெண்ணின் முகூர்த்த ஜாக்கெட்டில் போய்த் தொங்கியது.

ஆர்டர் பொதட்டூர்பேட்டை நெசவுக்காரர் வீட்டுடையது. பெண்ணின் அத்தை மலைக்கு வந்தபோது யாரோ சொல்லி என்னைத் தேடிக்கொண்டு வந்தாள். நாலு துணி, நாலு பழைய ஜாக்கெட். "இது கல்யாணப் பொண்ணுது, பட்டுப் பொடவையோட வந்த துணி, பாத்து. இது அவங்க அம்மாது. இது தங்கச்சிது, பதிமூணு வயசு, இப்பத்தான் மொதமொதல்ல தாவணி போடப் போறா. இது என்னுது." பெண்ணை நான் பார்த்ததில்லை. ஆவணி முகூர்த்தம், வெள்ளிக்கிழமை காலை, மலைமேல் கல்யாணம். நாலு கட்டையும் நானே என் கையால் சுற்றி வைத்தேன். அது சனிக்கிழமை.

ஞாயிற்றுக்கிழமை துணி துவைக்கக் கிணற்றடிக்குப் போனேன். "ஒரு மணி நேரம் புள்ளைங்கள பாத்துக்கோங்க, மூணே மூணு பேரு" என்று சொல்லிவிட்டுத்தான் போனேன். ஆங் என்றார். திரும்பி வந்தபோது வீடு வழக்கத்துக்கு மாறாகச் சுத்தமாக இருந்தது. பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்து டீக்கடைப் பொரை ரொட்டி தின்றுகொண்டிருந்தார்கள். கட்டுகள் நாலும் தட்டில் நேர்த்தியாக இருந்தன. எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். எங்கள் வீட்டில் நேர்த்தி என்பதே ஒரு தடயம். ஆனால் ஈரத்துணி கையில், முதுகு விட்டுப்போகிற வலி. சந்தோஷப்பட்டுத் தொலைத்தேன்.

திங்கட்கிழமை பட்டை வெட்டினேன். அரக்கு நிறம், கைக்கு மூன்று விரல் அகல ஜரிகைக் கரை. பட்டில் கத்தரி போகிற சத்தம் வேறு. பருத்தியில் அது பேசும், பட்டில் ரகசியம் சொல்லும். உள்ளே இருந்த பழைய ஜாக்கெட் ரொம்பச் சின்னதாக இருந்தது. ஒல்லிக்குச்சிப் பெண் போல, பாவம், இனிமேல் உடம்பு பிடிக்கும் என்று நினைத்துக்கொண்டே வெட்டினேன். எவளோ ஒருத்தியின் உடம்பைப் பற்றி எனக்கு என்ன கனவு?

செவ்வாய்க்கிழமை தங்கச்சியின் கட்டை அவிழ்த்தேன். தாவணிக்கான பூப்போட்ட மெல்லிய துணி. அதற்குள்ளிருந்து ஒரு ஜாக்கெட் விழுந்தது. எடுத்து விரித்தால் கதவு மாதிரி இருக்கிறது. பதிமூன்று வயதுப் பெண்ணுக்கு!

உட்கார்ந்துவிட்டேன். பெரிதாக வெட்டித் தொலைத்தால் பிடித்து உள்ளே தள்ளிவிடலாம். இது சின்னதாக வெட்டினது. கல்யாணப் பெண்ணின் பட்டைத் தங்கச்சியின் அளவுக்கு வெட்டி வைத்திருக்கிறேன். மிச்சத் துணியை எடுத்துப் பார்த்தேன். விலாவுக்கு ஒட்டுக் கொடுக்கப் போதும். கைக்குப் போதாது. கைச்சுற்றுக்கு இரண்டு விரல் அகலம் குறைகிறது, அந்த இரண்டு விரலுக்கும் ஜரிகைக் கரை வேண்டும். மிச்சத்தில் கரை ஒரு இழைகூட இல்லை.

"யாருடி கட்டை அவிழ்த்தது?"

மூன்றும் என்னைப் பார்த்தன. கடைசி சிரித்தது. நடுவுள்ளவள் கட்டுப்போட்ட விரலை முதுகுக்குப் பின்னால் மறைத்தாள். பெரியவள் வாயைத் திறந்தாள், மூடிக்கொண்டாள், நைனாவின் சட்டை தொங்குகிற ஆணியைப் பார்த்தாள். அந்தப் பார்வைக்கு அர்த்தம் இருக்கும் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை. பெரியவளாக இருந்தும் பார்த்துக்கொள்ளவில்லையே என்று கன்னத்தில் ஒன்று வைத்தேன். அவள் அழவும் இல்லை, சொல்லவும் இல்லை.

அன்று சாயங்காலம் அவர் வந்தார். "ஆர்டர் எப்படிக் கீது?" என்றார், சட்டையைக் கழற்றிக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல். "நல்லாக் கீது" என்றேன், அவர் முகத்தைப் பார்க்காமல்.

புதன்கிழமை அவர் ரயிலேறினதும் மூன்றையும் கிளப்பிக்கொண்டு பொதட்டூர்பேட்டை பஸ்ஸுக்கு நின்றேன். விட்டுவிட்டுப் போக யார் இருக்கிறார்கள்? அன்றைக்குப் பார்த்துக் கிருத்திகை. பஸ் முழுக்க மலையிலிருந்து இறங்கின மொட்டைகள். இடுப்பில் ஒன்று, கையில் ஒன்று, முந்தானையைப் பிடித்துக்கொண்டு ஒன்று, பைக்குள் வெட்டிய பட்டு. இடுப்பிலிருந்த கடைசி, முன் சீட்டு மொட்டையில் பூசியிருந்த சந்தனத்தை வழித்து வாயில் வைத்துக்கொண்டது. மொட்டைக்காரர் திரும்பி முறைத்தார். "ஏம்மா, புள்ளைக்கி சோறு போட மாட்டியா?" என்றார். பஸ்ஸே சிரித்தது. சிரிப்பதற்கு என்னைத் தவிர எல்லோருக்கும் நேரம் இருந்தது.

அந்தத் தெருவில் வீட்டுக்கு வீடு தறி. பந்தல் போட்ட வீட்டிலும் தறி ஓடிக்கொண்டிருந்தது. கல்யாணத்துக்குள் தறியில் ஏற்றின லுங்கிப் பாவு நூல் முடியணுமாம். ஓட்டிக்கொண்டிருந்தது பெண்ணின் அம்மா. நான் வாசலில் நின்றதும் தறியை நிறுத்தினாள்.

"இன்னா தையக்காரம்மா, குடும்பத்தோட வந்துக்கீற? கல்யாணம் வெள்ளிக்கெழமதான்."

வெட்டிய துண்டுகளைப் பாயில் விரித்தேன். அவள் குனிந்தாள். நாள் முழுக்க அறுந்த இழையைத் தேடுகிற கண் அது. முதுகுத் துண்டை ஜாண் வைத்து அளந்தாள், நிமிர்ந்தாள்.

"இது எங்க சின்னதுக்கு வெட்டினது."

"கட்டு மாறிப்போச்சுங்க. கைக்குத்தான் கரை பத்தல. பொடவையில உள்பக்கம், இடுப்புல சொருகற தலைப்புல, ரெண்டே ரெண்டு வெரலு..."

"இன்னாது! முகூர்த்தப் பொடவையில கத்தரி வெக்கச் சொல்றியா? தாலி ஏறதுக்கு முன்னாடி? நல்லாக் கீதே நீ சொல்றது!"

தெரு தறிகள் அத்தனையும் நின்று கேட்கிற மாதிரி இருந்தது. அவள் நிறுத்தவில்லை. பட்டு எத்தனை நாள் தேடி வாங்கினது, உன்னை நம்பிக் குடுத்த என் நாத்தனாரைச் சொல்லணும், ஒரு கட்டு ஒழுங்காக் கட்டத் தெரியாதா, நாங்க ஆயிரம் இழையைக் கலக்காம வெச்சுக்கறோமே. எல்லாம் சரி. எல்லாம் நியாயம். ஒரு சொல்லு குறையா? ஒரு பாவு நீளத்துக்குக் குறை. என் மெஷின் டெம்போவில் ஏறிச் சோளிங்கர் ரோட்டில் போவது எனக்குக் கண்ணில் தெரிந்தது.

"நான் இன்னா பண்ணுவேங்க?" என்று நானும் கத்தினேன். கெஞ்சத்தான் போனேன், கத்தலாக வந்தது. "நான் சரியாத்தான் கட்டினேன். இந்தப் பிசாசுங்க மூணும் அவிழ்த்து, மாத்திச் சுத்தி..."

"நாங்க சுத்தல" என்றாள் நடுவுள்ளவள். "அவிழ்த்தோம். கடை வெச்சு வெளையாண்டோம். நைனா தூங்கி எழுந்து பாத்துட்டு, நைனாதான் சுத்துச்சு. அம்மாகிட்ட சொல்லாதீங்கன்னு ஆளுக்கு மூணு பொரை வாங்கிக் குடுத்துச்சு."

பெரியவள் அவள் தலையில் குட்டினாள். "சொல்லக் கூடாதுன்னு சொன்னாருல்ல?"

நான் என்ன முகத்தோடு நின்றேனோ தெரியாது. பெண்ணின் அம்மா என்னைப் பார்த்தாள், பிள்ளைகளைப் பார்த்தாள், தறிக்கட்டையில் சாய்ந்துகொண்டு சிரிக்க ஆரம்பித்தாள். "ஆம்பள சுத்தின கட்டா! அத மொதல்லயே சொல்றதுக்கு இன்னா? எங்க ஊட்ல ஒரு தபா புள்ளைங்க நைனாகிட்ட நூல்கண்டைக் குடுத்துட்டு ஆஸ்பத்திரிக்குப் போயி புள்ளைய பெத்துகினு வந்தேன். வந்து பாத்தா சிக்கெடுக்க ஒரு வாரம்."

சிரித்தாளே தவிரப் புடவையைத் தரவில்லை. அதில் மட்டும் அசையவில்லை. உள்ளேயிருந்து கல்யாணப் பெண் வந்தாள். வாட்டசாட்டமான பெண், மருதாணிக் கையை விரித்து வைத்துக்கொண்டு. அவள் மேலேயே டேப் வைத்து அளந்தேன், அவள் கூச்சப்படவே இல்லை. கைச்சுற்றை அளந்து நிமிர்ந்தபோது அவளே சொன்னாள்.

"கரை இல்லாத துண்டை அக்குள் பக்கமா வெச்சிடுங்கக்கா. நான் கையைத் தூக்க மாட்டேன்."

அம்மா யோசித்தாள். "தூக்கக் கூடாது. தாலி ஏறி, மலை எறங்கற வரைக்கும் தூக்கக் கூடாது, இன்னா?"

"ஆங், தூக்கமாட்டேன்மா."

புதன் மத்தியானத்திலிருந்து வியாழன் மத்தியானம் வரை தைத்தேன். எப்படித் தைத்தேன் என்று சொல்லிப் பயனில்லை. கடைசியை இடது தொடையில் உட்காரவைத்துக்கொண்டு வலது காலால் மிதித்தேன் என்றால் தைக்கிறவர்களுக்குப் புரியும். அத்தை வந்து நாலையும் வாங்கிக்கொண்டு போனாள். புதன், வியாழன் இரண்டு சாயங்காலமும் அவர் எதிரில் உட்கார்ந்து சோறு தின்றார். நான் ஒன்றும் கேட்கவில்லை. கோபத்தைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருப்பது எனக்குப் புதுசு. சுடச்சுட இருந்தது, சுகமாகவும் இருந்தது.

வெள்ளிக்கிழமை காலை மூன்று பிள்ளைகளோடு படியேறினேன். அன்றைக்கு மலைமேல் ஏகப்பட்ட கல்யாணம். மேளம் மேளத்தோடு மோதிக்கொண்டிருந்தது. எங்கள் பெண்ணைக் கண்டுபிடித்தேன். முதுகு ஒட்டாமல் இழுக்காமல் உட்கார்ந்திருந்தது, கை கச்சிதம், ஜரிகை வெயிலில் ஒரே ஓட்டமாக ஓடியது. கையின் வெளிப்பக்கத்தில் மட்டும்.

தாலி ஏறுவதற்கு முன்னால் மாலை மாற்றச் சொன்னார்கள்.

இதை யாரும் யோசிக்கவில்லை. நான் யோசிக்கவில்லை, அவள் அம்மா யோசிக்கவில்லை. மாப்பிள்ளை தென்னை மரம் மாதிரி நின்றான். பெண் மாலையைக் கையில் வாங்கினாள். என்னைப் பார்த்தாள். அம்மாவைப் பார்த்தாள். இரண்டு முழங்கையையும் விலாவோடு இறுக்கிக்கொண்டு மணிக்கட்டால் மட்டும் மாலையை மேலே வீசினாள். அது மாப்பிள்ளையின் ஒரு காதில் மாட்டிக்கொண்டு தொங்கியது.

"பொண்ணுக்கு எவ்ளோ வெக்கம் பாரு!" என்றது கூட்டம். "இந்தக் காலத்துல இப்படி ஒரு பொண்ணு!" மாமியார்க்காரிக்குப் பூரிப்பு. மாப்பிள்ளை தானே குனிந்து மாலையைக் காதிலிருந்து எடுத்துக் கழுத்தில் விட்டுக்கொண்டான். பெண்ணின் அம்மா முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு என் பக்கமே திரும்பாமல் நின்றாள். அத்தை என்னிடம் வந்து, "தையல்னா இது தையல். என் பொண்ணு கல்யாணத்துக்கும் நீதாம்மா" என்றாள்.

குறை ஒரு சொல்கூட வரவில்லை. ஆனாலும் சனிக்கிழமை காலை சந்து முனையில் டெம்போ வந்து நின்றது.

"கொறை வரலியா? சந்தோசம்மா" என்றார் நாத்தனார், மெஷினைத் தடவிக்கொண்டே. "ஆனா மூணு புள்ளைங்கள வெச்சிகினு உனக்கெதுக்கு இந்தத் தொல்லை? அதுங்க வளர்ற வரைக்கும் எங்கிட்ட கெடக்கட்டும்."

நான் கணவரைப் பார்த்தேன். சொன்ன வாக்கு அவர் வாயில்தான் இருக்கிறது, அதை அவர்தான் எடுத்துப் பேச வேண்டும். அவர் குனிந்து மெஷினின் ஒரு பக்கத்தைப் பிடித்தார். "அக்கா இவ்ளோ தூரம் டெம்போ எடுத்துகினு வந்துட்டாங்க..." என்றார். அதுதான் காரணமாம். டெம்போ வெறுமனே திரும்பக் கூடாதாம்.

"தூக்குங்க" என்றேன். "அண்ணி, மெஷினோட இவரையும் ஏத்திகினு போங்க. அங்க கட்டு அவுந்தா சுத்தி வெக்க ஆளு வேணும். நல்லா நேர்த்தியா சுத்துவாரு. பொரை மட்டும் வாங்கிக் குடுத்தா போதும்."

"ஆளுக்கு மூணு" என்றாள் நடுவுள்ளவள்.

மெஷின் தொப்பென்று தரையில் இறங்கியது, அவர் கட்டைவிரல் மேல். வலியில் அவர் ஒற்றைக் காலில் நின்ற கோலத்திலேயே நாத்தனார் விஷயத்தை ஒவ்வொன்றாகப் பிடுங்கினார். பிள்ளைகள்தான் சொன்னார்கள், போட்டி போட்டுக்கொண்டு. தூங்கினது, எழுந்து அலறினது, பட்டை உதறி மடித்தது.

"காவலுக்கு ஒக்கார வெச்சா தூங்குவியாடா?" என்றார் நாத்தனார். "சின்னதுல கோழிக்குஞ்ச பாத்துக்கோடான்னு உட்டுட்டுப் போனேன், தூங்கினே, பூனை எத்தினி துன்னுச்சு? நாலு! இன்னும் அப்படியேவா கீற?" மெஷின் மேலிருந்த கையை எடுத்துவிட்டார். "வெச்சிக்கோம்மா. இவன் வளர்ற வரைக்கும் உங்கிட்டயே இருக்கட்டும்."

அவர் மன்னிப்புக் கேட்கவில்லை. கட்டைவிரலைப் பிடித்துக்கொண்டு வாசலில் உட்கார்ந்திருந்தார். அன்றிலிருந்து பல வருஷம், "எனக்குத்தான் தப்பா வருதே" என்று சொல்லி வீட்டில் ஒரு துண்டைக்கூட மடித்து வைக்கவில்லை. தப்பிலும் அவருக்கு ஒரு லாபம்.

டெம்போ வெறுமனே திரும்பியது. தெரு முனை வரைக்கும் ஏற்றிப் போகச் சொல்லி நடுவுள்ளவள் பின்னாலேயே ஓடினாள். பெரியவள் ஓடவில்லை. கதவோரம் நின்றாள். நான் கிட்டே போய் அவள் கன்னத்தைத் தொடக் கையைக் கொண்டுபோனேன். சட்டென்று தலையைப் பின்னால் இழுத்துக்கொண்டாள். நான் தூக்கிய கை அப்படியே நின்றது. எனக்கு ஐம்பது ஆகப்போகிறது. அந்தக் கையை இன்னும் முழுசாக இறக்கி வைக்கவில்லை.

கல்யாண வேலையில் ஒதுக்கி வைத்த வேறு துணிகள் காத்திருந்தன. மெஷினை நானே ஜன்னலோரம் இழுத்துப் போட்டேன். உட்கார்ந்தேன். நூலை எடுத்தேன். கீழே தகட்டைத் திறந்தால் அடிநூல் சுற்றின பாபின் இல்லை. பலகைக்கடியில் இல்லை, பெட்டியில் இல்லை, டெம்போவில் போய்விட்டதா என்றுகூட ஒரு கணம் நினைத்தேன்.

அறை சத்தமில்லாமல் இருந்தது.

திரும்பிப் பார்த்தேன். கடைசி மூலையில் உட்கார்ந்துகொண்டு, வாயை மூடிக்கொண்டு, என்னைப் பார்த்து அழகாகச் சிரித்தது.

"துப்புடி" என்றேன்.